கற்பூரம் ஏற்றிவிட்டு ஆடும் கூத்து

வட தமிழ்நாட்டின் திரௌபதி அம்மன் திருவிழாக்களில் பாரதம் இரண்டு முறை நடக்கிறது. பிற்பகலில் பிரசங்கியார் வில்லிபாரதத்தைப் பாடிப் பொருள் சொல்வார். இரவில் அதே கதை கூத்தாகி விடியும்வரை நீளும். கண்ணாடிச் சில்லு பதித்த மரக் கிரீடம், புஜக்கட்டை, மார்புப் பதக்கம் என்று வேடக்காரர் உடம்பில் ஏறும் கட்டைகளே ‘கட்டைக்கூத்து’ என்ற பெயரைத் தந்தன.

இதைக் கோயில் வாசலில் நடக்கும் நாடகம் என்று மட்டும் சொன்னால் பாதியை விட்டவர்களாவோம்.

துகிலுரிதல் இரவைப் பாருங்கள். பாஞ்சாலி வேடத்தில் நிற்பவர் ஓர் ஆண். அது ஊருக்கே தெரியும். ஆனாலும் சேலையில் கை வைக்கும் முன் ஆட்டம் நிற்கிறது. கற்பூரம் ஏற்றி, துச்சாதனன் வேடக்காரர் அம்மனைக் கும்பிட்டுக்கொள்கிறார். அதன் பிறகே இழுக்கிறார். சில நேரம் வேடக்காரருக்கே அருள் வந்துவிடும். கூட இருப்பவர்கள் பிடித்துக்கொள்வார்கள்.

அர்ச்சுனன் தபசில் எல்லை இன்னும் நழுவுகிறது. உயரமான தபசு மரத்தில் பாடிக்கொண்டே ஏறும் அர்ச்சுனன், உச்சியிலிருந்து எலுமிச்சம்பழமும் பூவும் விபூதியும் வீசுவான். கீழே பிள்ளை வரம் வேண்டும் பெண்கள் முந்தானையை ஏந்தி நிற்பார்கள். அவனுக்கு அது பாசுபதம் கேட்கும் தவம். அவர்களுக்கு அது பிரசாதம்.

உச்சம் படுகளம். பகல் வெளிச்சத்தில், திறந்த வெளியில், பல அடி நீளத்துக்கு மண்ணால் செய்த துரியோதனன் மல்லாந்து கிடப்பான். அவனைச் சுற்றிச் சுற்றி வீமனும் துரியோதனனும் மோதுவார்கள். வீமன் தொடையில் அடித்ததும் உள்ளே வைத்த சிவப்பு நீர் பீறிடும். பாஞ்சாலி வேடக்காரர் அதைத் தொட்டுக் கூந்தல் முடிப்பார். அருகில் கோயிலிலிருந்து எழுந்தருளிய உற்சவ அம்மனும் இருப்பாள். ஒரே திரௌபதி, ஒரே களத்தில், சிலையாகவும் ஆளாகவும்! இந்தக் கலையின் முழு வலுவும் இந்த ஒரு காட்சியில் இருக்கிறது. பல ஊர்களில் மகனை இழந்து புலம்பும் காந்தாரி வேடக்காரரிடம் பீடை கழிய வேண்டுமென்று பக்தர்கள் துடைப்பத்தால் அடி வாங்குகிறார்கள். பார்வையாளர் என்று அங்கே யாரும் மிஞ்சுவதில்லை.

புரிசை கண்ணப்ப தம்பிரான் போன்ற வாத்தியார்களால் கூத்து நகர அரங்குகளுக்கும் வந்தது. நா. முத்துசாமி 1977-இல் தொடங்கிய கூத்துப்பட்டறைக்கு அதுவே ஊற்று. அரங்கில் அடவும் பாட்டும் முகவீணையும் முழுதாகக் கிடைக்கும். எலுமிச்சம்பழத்துக்கு முந்தானை ஏந்த ஆள் இருக்காது.

ஊரில் படுகளம் முடிந்த அன்று மாலையே தீமிதி. அடுத்து தருமர் பட்டாபிஷேகம், கொடியிறக்கம்.