பொன்னைத் தேடியவர்கள் வைத்த பெயர்கள்

சிராங்கூன் சாலை நகைக்கடைகளில் இன்று உரைகல்லைக் காண்பது அரிது. பழைய வளையலை மாற்றச் செல்பவரிடமிருந்து கடைக்காரர் அதனைப் பெற்று, சிறு பெட்டி போன்ற கருவியினுள் வைத்து மூடுகிறார். ஊடுகதிர் பாய்ந்து, சில நொடிகளில் பொன்னின் விழுக்காடு திரையில் தோன்றுகிறது. சில ஆண்டுகளுக்கு முன், என் மனைவியின் பழைய சங்கிலியொன்றை எடுத்துக்கொண்டு அத்தகைய கடைக்குச் சென்றிருந்தேன். "உரைகல் இருக்கிறதா?" என்று வினவினேன். அங்கிருந்த முதிய பத்தர் இழுப்பறையின் அடியிலிருந்து கைக்கடக்கமான கருங்கல் ஒன்றை எடுத்தார். "இதை இப்போது யாரும் கேட்பதில்லை ஐயா" என்று கூறிக்கொண்டே சங்கிலியை அதில் உரைத்துக் காட்டினார். மங்கலான மஞ்சட்கோடு ஒன்று விழுந்தது. அக்கோட்டைப் பார்த்தபோது என் நினைவு தாய்லாந்து நாட்டின் கிராபி மாநிலத்துக்குச் சென்றது.

கிராபியில் குவான் லுக் பட் என்னும் பழைய துறைமுக ஊரில் இதே போன்ற ஓர் உரைகல் கிடைத்துள்ளது. அதன் மீது தமிழ் பிராமி எழுத்தில் 'பெரும்பதன் கல்' என்று பொறிக்கப்பட்டிருக்கிறது. எழுத்தமைதியைக் கொண்டு அது கி.பி. 3 அல்லது 4ஆம் நூற்றாண்டினது என்பர். பதன் என்பது பத்தன். பொற்கொல்லரை நாம் இன்றும் பத்தர் என்கிறோம். ஆகவே, 'பெரும்பத்தனுடைய கல்' என்பதே பொருள். மன்னன் பெயரோ, வெற்றியோ, கொடையோ அதில் இல்லை. கருவி தொலைந்துவிடாதிருக்கத் தொழிலாளி ஒருவர் தம் பெயரைக் கீறி வைத்திருக்கிறார், அவ்வளவே. தென்கிழக்காசியாவில் தமிழரின் பழமைக்குச் சான்று கேட்கும் மாணவரிடம் நான் முதலிற் கூறுவது இக்கல்லைப் பற்றித்தான்.

இக்கல்லோடு சேர்த்து எண்ணத்தக்க சொல் ஒன்று மலாய் மொழியில் உண்டு. பொன்னின் தரத்தை நாம் மாற்று என்போம். பேச்சில் அது 'மாத்து' எனத் திரியும். மலாய் மொழியில் பொன்னின் தரத்தைக் குறித்த பழஞ்சொல் 'மூத்து'. கலப்பற்ற பொன்னை அவர்கள் 'பத்து மூத்துப் பொன்' என்றனர்; நாம் பத்தரை மாற்று என்கிறோம். அச்சொல் தமிழிலிருந்து சென்றது என்பது சொற்பிறப்பாய்வாளர் கருத்து. இன்று மலாயிலும் இந்தோனேசிய மொழியிலும் அது பொன்னை விட்டு அகன்று, பொதுவாகத் 'தரம்' என்னும் பொருளில் வழங்குகிறது. (மலாயில் 'மூத்து மாணிக்கம்' என்னும் தொடரும் உண்டு, அது நம் முத்து, வேறு சொல். ஒலி ஒத்திருப்பதால் இரண்டையும் குழப்பலாகாது.) பொன்னைக் குறிக்கும் மலாய்ச் சொல்லாகிய 'எமாஸ்' வடமொழியின் மாஷ என்பதிலிருந்து வந்தது. மாஷ என்றால் உளுந்து. எடைக்கல்லாகப் பயன்பட்ட உளுந்து பொன்னின் பெயராகவே ஆகிவிட்டது. கடை, கப்பல், முதல், பெட்டி ஆகிய நம் சொற்களும் அங்குள்ளன. இவை யாவும் சந்தையின் சொற்கள் என்பதைக் கருத வேண்டும்.

சந்தையின் சொற்கள் இவ்வாறிருக்க, தொலைவிலிருந்து கேள்விப்பட்டவர்கள் இந்நிலத்துக்கு வேறு வகையான பெயர்களைச் சூட்டினர். கி.பி. 2ஆம் நூற்றாண்டின் தாலமி மலாய்த் தீபகற்பத்தைப் 'பொற்றீபகற்பம்' என்று கிரேக்கத்தில் எழுதினார். வடமொழி நூல்கள் சுவர்ணபூமி என்றும் சுவர்ணத்துவீபம் என்றும் கூறின. பட்டினப்பாலை காழகத்துப் பொருள்கள் புகாரில் வந்திறங்கியதைச் சொல்கிறது; காழகம் என்பது கடாரம் என உரையாசிரியர் நச்சினார்க்கினியர் கொண்டார். பகாங்கில் பொன் உண்டு என்பது கதையன்று. அங்குள்ள ராவுப் என்னும் ஊரின் பெயரே மலாயில் 'இரு கையாலும் அள்ளுதல்' எனப் பொருள்படும். ஆனால், ஓரிடத்தில் ஆற்றுமணலில் அரித்தெடுத்த பொன், கேள்வியின் வழியே நாடு முழுவதும் பொன் என்றாகிவிட்டது.

இத்தகைய பெயர்களுள் நம் மாணவர்க்கு அண்மையிலுள்ளது ஓஃபிர் மலை. ஜொகூர், மலாக்கா எல்லையில் 1,276 மீட்டர் உயரத்தில் நிற்கும் குனோங் லேடாங்கிற்கு ஐரோப்பியர் வைத்த பெயர் அது. விவிலியத்தில் சாலமோன் மன்னனுக்குப் பொன் வந்த நாட்டின் பெயர் ஓஃபிர். சுமத்திராவிலும் ஒரு மலைக்கு இதே பெயரைச் சூட்டினர். எங்கே பொன் இருக்கலாம் எனத் தோன்றியதோ அங்கெல்லாம் ஓஃபிர் முளைத்தது!

இங்குத் தமிழாசிரியர் பலர் விரும்பிச் சொல்லும் செய்தியொன்றைத் திருத்த வேண்டியுள்ளது. ஓஃபிரிலிருந்து சென்ற மயிலுக்கு எபிரேய மொழியில் 'துக்கி' என்று பெயர். அது நம் தோகை. ஆகவே ஓஃபிர் தமிழகமே என்பர். தோகை, துக்கி ஒப்புமையை 1856இல் வெளிவந்த தம் ஒப்பிலக்கணத்தில் கால்டுவெல் எடுத்துரைத்தது உண்மை. ஆயின், விவிலியத்தில் அச்சொல் மூன்றாண்டுக்கொருமுறை வந்த தர்ஷீஷ் கப்பல்களைப் பற்றிய இடத்தில் வருகிறதே தவிர, ஓஃபிரின் பொன்னைப் பற்றிய இடத்தில் அன்று. அச்சொல் மயிலைத்தான் குறிக்கிறதா என்று ஐயுறுவோரும் உளர். ஒப்புமை தக்கது என்றே நான் கருதுகிறேன். ஒரு சொல் பயணம் செய்ததை அது காட்டலாம். ஒரு நாடு எங்கிருந்தது என்பதைக் காட்டாது.

லேடாங் மலைக்கு மலாய் மரபு கூறும் கதை வேறு. மலாக்கா சுல்தான் மஹ்மூத் ஷா அம்மலையின் இளவரசியை மணக்க விரும்பினான். அவளோ மலாக்காவிலிருந்து மலைவரை ஒரு பொற்பாலமும் ஒரு வெள்ளிப்பாலமும் கேட்டாள். கொசுவின் ஈரல் ஏழு தட்டு, கண்ணீர் ஒரு சாடி என்று நிபந்தனைகள் நீண்டு, இறுதியில் சுல்தானுடைய மகனின் குருதி ஒரு கிண்ணம் என்பதில் வந்து நின்றன. சுல்தான் பின்வாங்கினான். ஐரோப்பியரின் கதையில் மலை பொன்னைக் கொடுக்கிறது. செஜாரா மெலாயு கூறும் கதையில் மலை பொன்னைக் கேட்கிறது. கேட்பதும் மறுப்பதற்காகவே. ஒரே மலைக்கு இரண்டு பெயர்கள் மட்டுமல்ல, இரண்டு நியாயங்களும் இருந்தன.

நம் நகரின் நடுவிலேயே இதற்கொரு குன்று உண்டு. இன்று ஃபோர்ட் கேனிங் என வழங்கும் மேட்டை 1819இல் ஆங்கிலேயர் வந்தபோது இங்கிருந்தோர் 'புக்கிட் லாராங்கான்', அதாவது தடைசெய்யப்பட்ட குன்று என்றனர். பழைய மன்னர்களின் அரண்மனை இருந்த இடமாதலால் ஏறலாகாது என்பது அவர்கள் நம்பிக்கை. ஃபார்குவார் மேலேற விரும்பியபோது இங்கிருந்தோர் அஞ்சி உடன்வர மறுத்ததையும், மலாக்காவிலிருந்து வந்த ஆட்கள் பீரங்கியை இழுத்தேற்றி வெடித்ததையும் முன்ஷி அப்துல்லா தம் வரலாற்றில் எழுதியுள்ளார். கிராஃபர்ட் 1822இல் அங்குச் செங்கல் அடித்தளங்களையும் பழைய சீன நாணயங்களையும் கண்டார். பின்னர் 1928இல் நீர்த்தேக்கத்துக்காக மண் தோண்டிய தொழிலாளரின் கைகளில் பொன்னணிகள் அகப்பட்டன. காலன் முகம் பொறித்த கைவளை, காதணிகள் முதலியன; 14ஆம் நூற்றாண்டுச் சாவகப் பாணியின. தேசிய அரும்பொருளகத்தில் அக்கைவளையைக் காணலாம். 1984 முதல் நடந்த அகழாய்வுகள் அக்காலத்துக் குடியிருப்பை உறுதிசெய்தன.

உள்ளூர் மக்கள் மூடநம்பிக்கையால் அஞ்சினர் என்றே பள்ளிகளில் நெடுங்காலம் சொல்லி வந்தோம். நானும் இளமையில் அவ்வாறே சொல்லியிருக்கிறேன். ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகள் எழுத்தின் துணையின்றி, 'இங்கே மன்னர் இருந்தனர்' என்ற செய்தியை ஒற்றைச் சொல்லில் காத்து வந்தவர்கள் அவர்கள். லாராங்கான் என்னும் பெயர் ஓர் ஆவணம். மண்வெட்டி அதனை மெய்ப்பித்தது.

உலகின் மறுபுறத்திலும் இதற்கொரு நிகர் உண்டு. அமெரிக்காவின் அரிசோனாப் பாலையில், ஃபீனிக்ஸ் நகருக்குக் கிழக்கே, சூப்பர்ஸ்டிஷன் மலைத்தொடர் இருக்கிறது. 'மூடநம்பிக்கை மலை' என்பதே அப்பெயரின் பொருள். 1891இல் இறந்த ஜேக்கப் வால்ட்ஸ் என்பவர் அங்கொரு பொற்சுரங்கத்தை அறிந்திருந்தார் எனக் கதை. அதற்குத் 'தொலைந்த டச்சுக்காரர் சுரங்கம்' என்று பெயர், அவரோ ஜெர்மானியர். அக்கால அமெரிக்கர் பேச்சில் 'டச்சு' என்னும் சொல் ஜெர்மானியரையும் குறித்தது. அம்மலை பெரும்பாலும் எரிமலைப் பாறையாலானது. பெரும் பொற்சுரங்கத்துக்கு ஏற்றதன்று என நிலவியலார் கூறியும் தேடுவோர் ஓயவில்லை. 1931இல் அடால்ஃப் ரூத் என்னும் முதியவர் தேடிச் சென்று உயிரிழந்தார். கதையில் அப்பாச்சிகள் வருவது காவலராகவும் கொலைஞராகவும் மட்டுமே. அது அவர்கள் வாழ்ந்த நிலம் என்பது கதைக்குத் தேவைப்படவில்லை. அப்பாச்சி என்னும் பெயரும் அவர்களுடையதன்று. அண்டைக்குடியாகிய சூனியரின் மொழியில் 'பகைவர்' என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது என்பர். தம் மொழியில் அவர்கள் தம்மை 'மக்கள்' என்றே அழைத்துக்கொள்கின்றனர்.

இதைப் படிக்கும்போது தீபகற்பத்தின் பழங்குடிகளை எண்ணாதிருக்க இயலாது. குடியேற்ற ஆட்சிக்கால நூல்கள் அவர்களைச் 'சக்காய்' என்றன. அடிமை, ஏவலர் என்னும் பொருள் தொனிக்கும் இழிசொல் அது. இன்றைய பெயர் ஓராங் அஸ்லி, அதாவது தொல்மக்கள். இதிலும் 'அஸ்லி' அரபுச் சொல் என்பது மொழியியலாளன் புன்முறுவலோடு குறித்துக்கொள்ள வேண்டியது. பெயர் மாறியதால் நிலம் உறுதியாகிவிடவில்லை. 1990களில் சிலாங்கூரில் விமான நிலைய நெடுஞ்சாலைக்காகத் தெமுவான் மக்களின் நிலம் எடுக்கப்பட்டது. சாகோங் தாசி வழக்கில் 2002இல் ஷா ஆலம் உயர்நீதிமன்றமும் 2005இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அவர்களின் வழக்காற்று நில உரிமையை ஏற்றன. பட்டா இல்லாதவர்க்கும் நிலம் உண்டு என்பதை மெய்ப்பிக்க அவர்கள் நீதிமன்றம் ஏற வேண்டியிருந்தது.

இனி, நம்மவரைப் பற்றியும் ஒரு சொல். 1025ஆம் ஆண்டையொட்டிய இராசேந்திரன் படையெடுப்பும் கடாரத்தின் மணிவாயிலும் நம் மேடைகளில் அடிக்கடி முழங்குகின்றன. 1843இல் வெடிவைத்துத் தகர்க்கப்பட்ட சிங்கப்பூர்க் கல்வெட்டின் எஞ்சிய துண்டில் பரகேசரி என்னும் சோழப்பட்டத்தின் எழுத்துகள் தெரிவதாக 2019இல் ஒரு கருத்து வெளிவந்தது. ஆராயத்தக்க கருத்து, முடிந்த முடிபன்று. தேய்ந்த துண்டில் சில எழுத்துகளைக் கொண்டு இத்தீவைச் சோழர் உடைமையாக்கும் கட்டுரைகளை மாணவர் எழுதி வருகையில் நான் மதிப்பெண்ணைக் குறைத்திருக்கிறேன். அவ்வாறு எழுதுவது ஓஃபிர் என்று பெயர் சூட்டியவர் செய்த அதே செயல். பெரும்பத்தனின் கல்லோ யாருடைய நிலத்தையும் கேட்கவில்லை.

அக்குன்றைப் பற்றிச் சொன்னவர்களுக்கு அண்டையில் காலாங் ஆற்றின் முகத்தில் ஓராங் காலாங் என்னும் கடல்மக்கள் படகுகளில் வாழ்ந்தனர். ஆற்றுக்கும் குடிக்கும் பெயர் ஒன்றே. 1824ஐ ஒட்டித் தெமெங்கோங் அவர்களை ஜொகூரின் பூலாய் ஆற்றுக்கு இடம்பெயர்த்தார். ஒரு தனிக் குடியாக அவர்கள் இங்குத் திரும்பி வரவில்லை. தேக்காவிலிருந்து அவ்விடம் நடந்து செல்லும் தொலைவுதான். காலாங் எம்ஆர்டி நிலையத்தின் பெயர்ப்பலகையில் அப்பெயர் எழுதப்பட்டிருக்கிறது.