பேசாப்படத்தில் பேசும் பொருள்: பொய்ப்பழியும் குடிமானமும்

பொய்ப்பழியால் ஒருவர் அழிவதும் அதனால் குடியின் மானம் குலைவதும் தமிழருக்குப் புதிய கதையன்று. கோவலன்மீது சுமத்தப்பட்ட களவுப்பழியே சிலப்பதிகாரத்தின் திருப்புமுனை. அப்பழியைத் துடைத்தது வழக்குரை மட்டுமன்று. உடைந்த சிலம்பிலிருந்து தெறித்த மாணிக்கப் பரலுமாகும். பொருளொன்று சான்றாகி நின்று பேசும் இம்முறை, குரல் இல்லாத பேசாப்படத்துக்கு மிகவும் ஏற்றதாயிற்று.

சப்பானில் 1925இல் வெளிவந்த ‘ஓரோச்சி’ நேர்மையான சாமுராய் ஒருவன் மீண்டும் மீண்டும் தவறாகப் பழிக்கப்படுவதைச் சித்திரிக்கிறது. அங்கே ‘பென்ஷி’ எனப்பட்ட கதைசொல்லி திரையருகே இருந்து குரல் கொடுத்தார். தமிழகக் கொட்டகைகளிலும் கதையை விளக்கிச் சொல்வோர் இருந்தனர். ஆயினும் குற்றத்தையும் குற்றமின்மையையும் பார்வையாளர் கண்ணால் காணவேண்டும். அதற்கே பொருள் தேவைப்பட்டது.

இமான்சு ராய் தயாரித்து, செருமானியரான பிரான்சு ஆஸ்டன் இயக்கிய ‘ஷிராஸ்’ (1928) இதற்குத் தக்க சான்று. இளவரசன் குர்ரத்தை விரும்பும் தாலியா, சூழ்ச்சியால் ஷிராசைச் செலிமாவின் இருப்பிடத்தில் அகப்படச் செய்கிறாள். யானைக் காலில் இடறும் தண்டனை அவனுக்கு விதிக்கப்படுகிறது. சூழ்ச்சி பின்னர் வெளிப்படுகிறது; செலிமாவின் பிறப்பை உணர்த்துவதோ அவள் அணிந்த தாயத்து. அடுத்த ஆண்டு வந்த ‘பிரபஞ்ச பாஷ்’ படத்தில் செய்யாத கொலையின் பழி அரசன் இரஞ்சித்மீது விழுகிறது. ஏமாற்றுப் பகடை அவன் நாட்டையே பறிக்கிறது.

இங்கே ஒரு வேறுபாடு கருதத்தக்கது. சிலம்பு கணவனின் குற்றமின்மையை நிறுவுகிறது; தாயத்து பெண்ணின் குலத்தை நிறுவுகிறது. முன்னது அரசனின் நீதியைக் கேள்விக்கு உள்ளாக்குகிறது. பின்னது அரச குடும்பத்தில் அவளுக்கு இடம் தேடித் தருகிறது. பொருள் ஒரேபோல் பேசினும் அது காக்கும் மானம் வேறு.

இவ்வொப்பீட்டைச் செய்ய இயல்வதே அப்படங்கள் எஞ்சியமையால்தான். இலண்டனில் பிரித்தானியத் திரைப்படக் கழகம் இவ்விரண்டையும் செப்பனிட்டது. ‘பிரபஞ்ச பாஷ்’ 2007இல் நிதின் சாகினியின் இசையுடன் திராபால்கர் சதுக்கத்திலும், ‘ஷிராஸ்’ 2017இல் அனுஷ்கா சங்கரின் இசையுடன் இலண்டன் திரைப்பட விழாவிலும் காட்டப்பட்டன. மாறாக, திரௌபதியின் மானங்காத்த கதையைச் சென்னையில் படமாக்கிய நடராச முதலியாரின் ‘கீசக வதம்’ ஒரு பிரதியும் எஞ்சாது மறைந்தது. சிலம்பு உடைந்தும் சான்றாயிற்று; படச்சுருள் அழிந்தாலோ சான்றே இல்லை. எஞ்சிய விளம்பரத் தாள்களையும் இதழ்க் குறிப்புகளையும் திரட்டிக் காப்பது ஆய்வாளரின் உடனடிக் கடமையாகும்.