மண்ணும் மொழியும் – 9: சட்லெஜுக்கு எந்தக் கரை?

தலைப்பாகை, பாங்க்ரா, மக்காச்சோள ரொட்டி, கடுகுக்கீரை. பஞ்சாபி என்றதும் நம் மனத்தில் எழும் படம் இதுதான். இந்தி சினிமா அந்தப் படத்துக்கு மேலும் மேலும் சாயம் பூசிக்கொண்டே இருக்கிறது. பஞ்சாபிகள் தங்களுக்குள் சந்தித்துக்கொண்டால் விசாரிப்பது வேறு. மாஜாவா, மால்வாவா, தோஆபாவா? ஆறுகள் போட்ட பாகப்பிரிவினை அது.

ராவிக்கும் பியாஸுக்கும் இடையே மாஜா. அமிர்தசரஸ், குர்தாஸ்பூர் அங்கே. லாகூரும் பழைய மாஜாவைச் சேர்ந்ததுதான். அமிர்தசரஸிலிருந்து ஐம்பது கிலோமீட்டர் தூரத்தில் இருக்கும் அந்த ஊருக்கு இன்று கடவுச்சீட்டு வேண்டும். பியாஸுக்கும் சட்லெஜுக்கும் நடுவில் தோஆபா: ஜலந்தர், ஹோஷியார்பூர், கபூர்தலா. சட்லெஜுக்குத் தெற்கே மால்வா. மத்தியப் பிரதேசத்து மால்வா வேறு, இது வேறு. சட்டமன்றத்தின் 117 இடங்களில் 69 மால்வாவுக்குப் போகின்றன. அரசியல் அங்கேதான் தீர்மானமாகிறது. பருத்தி விளைவதும், கடன் பெருகுவதும், விவசாயச் சங்கங்கள் வேர்விட்டிருப்பதும் அங்கேதான். குர்தியால் சிங் 1964இல் எழுதிய ‘மடி தா தீவா’ நாவலைப் படித்தவர்களுக்கு மால்வாவின் புழுதியும், அடுத்தவர் நிலத்தில் ஆயுளைக் கரைக்கும் பண்ணையாளின் வலியும் தெரியும். அதில் கொண்டாட்டப் பஞ்சாபைத் தேடினால் கிடைக்காது.

தோஆபாவுக்குப் போகிறவர்கள் மொட்டைமாடிகளை நிமிர்ந்து பார்க்க வேண்டும். தண்ணீர்த்தொட்டிகளை விமானமாக, கால்பந்தாக, சிறகு விரித்த கழுகாக சிமென்டில் கட்டி வண்ணம் அடித்திருப்பார்கள். வீட்டுக்காரர் கனடாவிலோ இங்கிலாந்திலோ இருப்பார். கீழே கதவில் பூட்டுத் தொங்கும். ஜலந்தரை அடுத்த தல்ஹன் குருத்வாராவில் விசா வேண்டிக்கொள்பவர்கள் பொம்மை விமானங்களைக் காணிக்கை வைக்கிறார்கள். சிறு நிலம், பல வாரிசுகள். நூறு வருடங்களுக்கு மேலாகவே கடல் கடந்து போய்ப் பழகிய ஜனம்.

அப்படிப் போனவர்களில் ஒருவர் மங்கு ராம். ஹோஷியார்பூர் மாவட்டத்தில் தோல் வணிகம் செய்த தலித் குடும்பத்துப் பிள்ளை. அமெரிக்கா போய், அங்கே கதர் கட்சியில் சேர்ந்து, 1925இல் ஊர் திரும்பினார். வெள்ளைக்காரனை எதிர்த்துப் புரட்சிக்குக் கிளம்பிய மனிதரைச் சொந்த ஊர் பழைய இடத்திலேயே நிறுத்தியது. அடுத்த ஆண்டே ஆத் தர்ம இயக்கத்தைத் தொடங்கினார். நாங்கள் இந்துக்களோ சீக்கியர்களோ முஸ்லிம்களோ அல்ல, இந்த மண்ணின் ஆதிக்குடிகள், எங்களைத் தனியாக எழுதுங்கள் என்பதே கோரிக்கை. 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்டோர் ஆத் தர்மி என்று பதிவு செய்துகொண்டார்கள். மிரட்டலுக்கும் அடிக்கும் நடுவில் நடந்த பதிவு அது. பஞ்சாபி அடையாளத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் இதை விட்டுவிட்டு எழுதுகிறார்கள். அது பெரிய தவறு. 2011 கணக்குப்படி பஞ்சாப் மக்களில் ஏறக்குறைய 32 சதவீதம் பட்டியல் சாதியினர். இந்தியாவின் வேறு எந்த மாநிலத்திலும் இந்த விகிதம் இல்லை.

இனி பாங்க்ரா. இன்று எல்லாப் பஞ்சாபிகளுக்கும் பொதுச் சொத்து போலத் தோன்றும் இந்த ஆட்டம் ஒரு காலத்தில் சியால்கோட், குஜ்ரன்வாலா, குர்தாஸ்பூர் வட்டார அறுவடை ஆட்டம். மால்வாக்காரர்களுக்கு அது அவ்வளவாகப் பழக்கமில்லை. 1947இல் அந்த வட்டாரத்தின் பெரும்பகுதி பாகிஸ்தானுக்குப் போனது. ஆடியவர்களும் மேளம் அடித்தவர்களும் சிதறினார்கள். டோல் மேளக் கலைஞர் பானா ராம் அகதியாக வந்து சேர்ந்தது மால்வாவின் சுனாம் என்ற சிற்றூருக்கு. பாஜிகர் என்ற நாடோடிச் சமூகத்தைச் சேர்ந்தவர். அவருடைய டோலுக்கு அந்த ஊர் தீபக் சகோதரர்கள் ஆடினார்கள். 1950களில் அந்தக் குழு டெல்லி குடியரசு தின விழாவுக்குப் போயிற்று, பிறகு சினிமாவுக்கும் போயிற்று. கல்லூரிகள் போட்டி வைத்தன. பல வட்டாரங்களின் அடவுகளைச் சேர்த்துக் கட்டிய மேடை பாங்க்ரா இப்படித்தான் மாநிலத்தின் முகமானது. மண்ணை இழந்தவர்கள் உருவாக்கிக் கொடுத்த முகம் என்பதை, கல்யாண மண்டபங்களில் அந்தத் தாளத்தைக் கேட்கும்போதாவது நாம் நினைத்துக்கொள்ளலாம்.

மதம் குறுக்கே வராத இடங்களும் இருந்தன. நம் போகியை ஒட்டி, ஜனவரி 13 இரவு லோஹ்ரி. நெருப்பு மூட்டி வேர்க்கடலையும் எள் மிட்டாயும் சோளப்பொரியும் போட்டுச் சுற்றி வருகிறார்கள். அன்று வீடுவீடாகப் பிள்ளைகள் பாடுவது துல்லா பட்டியைப் பற்றி. அவன் முஸ்லிம். அக்பர் காலத்து வரிவசூலை எதிர்த்துக் கலகம் செய்து லாகூரில் தூக்கிலிடப்பட்டவன். ஏழைப் பெண்களைக் காப்பாற்றித் தந்தை இடத்தில் நின்று மணம் முடித்து வைத்தான் என்பது கதை. இந்துக்களும் சீக்கியர்களும் தலைமுறை தலைமுறையாக அவன் பெயரைச் சொல்லித்தான் அந்த நெருப்பைச் சுற்றுகிறார்கள். குரு கிரந்த் சாஹிபில் சூஃபி ஞானி பாபா ஃபரீதின் வாக்குகள் இருக்கின்றன. ஒரு மொழி மூன்று மதங்களையும் சேர்த்துப் பிடித்திருந்தது.

அந்தப் பிடி நழுவியது. சுதந்திரத்துக்குப் பிறகு, பஞ்சாபி பேசுவோருக்குத் தனி மாநிலம் என்று சீக்கியக் கட்சியான அகாலி தளத்தினர் கேட்டார்கள். அது சீக்கிய மாநிலத்துக்கான மறைமுகக் கோரிக்கை என்று பஞ்சாபி இந்துக்கள் அஞ்சினார்கள். அகாலித் தலைவர்களின் பேச்சும் அந்த அச்சத்தைத் தணிக்கவில்லை. ஆரிய சமாஜத்தாரும் அவர்கள் நடத்திய நாளிதழ்களும் ‘தாய்மொழி இந்தி என்று எழுதுங்கள்’ என்று பிரசாரம் செய்தார்கள். 1951 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பதற்றம் முற்றி, அந்த வட்டாரத்தில் இந்தி, பஞ்சாபி, உருது, பஹாடி நான்கையும் ஒன்றாகச் சேர்த்தே எண்ணினார்கள். 1961இல் மறுபடியும் அதே பிரசாரம். அடுப்படியில் பஞ்சாபி, தாலாட்டில் பஞ்சாபி, சண்டையில் பஞ்சாபி. கணக்கெடுப்பவர் கேட்டதும் அதே பஞ்சாபியில் ‘எங்கள் மொழி இந்தி’ என்று பதில்.

விளைவு வரைபடத்திலேயே தெரிந்தது. 1966 நவம்பர் 1 அன்று பஞ்சாபும் ஹரியானாவும் பிரிந்தபோது எல்லைக்கு அடிப்படையாக எடுத்துக்கொள்ளப்பட்டது 1961இன் மொழிக் கணக்கு. பஞ்சாபியின் கிளைமொழியான புவாதி பேசிய கிராமங்களின் மேல் எழுந்த சண்டிகர் இரண்டு மாநிலங்களுக்கும் பொதுத் தலைநகராகி, மத்திய அரசின் கைக்குப் போனது. தாய்மொழியைப் பற்றிச் சொன்ன ஒரு பொய், தலைநகர் வரை விலை கேட்டது. சீக்கியர்கள் மொழியை மதத்தோடு இறுகக் கட்டியதும், இந்துக்கள் அதற்காக மொழியையே உதறியதும் சேர்ந்து செய்த சேதம் இது. இத்தனைக்கும் அந்தச் சமயத்தில் பஞ்சாபிக் கவிதையின் உச்சத்தில் இருந்தவர் சிவ் குமார் பட்டாள்வி, ஒரு இந்து. 1967இல் ‘லூணா’வுக்காக சாகித்ய அகாதெமி பரிசு பெற்றபோது அவருக்கு வயது முப்பதை ஒட்டித்தான் இருந்தது.

எல்லைக்கு அப்பால் கதை இன்னும் வருத்தமானது. பாகிஸ்தான் பஞ்சாபின் மக்கள்தொகை 2017லேயே 11 கோடி. உலகத்துப் பஞ்சாபிகளில் பெரும்பாலோர் அங்கேதான் இருக்கிறார்கள். பஞ்சாபியின் பெருங்கவிஞர்கள் வாரிஸ் ஷாவும் புல்லே ஷாவும் உறங்குவது அந்த மண்ணில். ஆனால் நாட்டின் அடையாளம் உருது என்று தீர்மானித்த பிறகு, பஞ்சாபி வீட்டுமொழியாக ஒதுங்கிவிட்டது. சிந்து மாகாணத்தில் குழந்தைகள் பள்ளியில் சிந்தி படிக்கிறார்கள். பஞ்சாபில் குழந்தைக்கு உருதும் ஆங்கிலமும்தான். படித்த பெற்றோர் பிள்ளைகளிடம் பஞ்சாபி பேசுவதையே நிறுத்திவருகிறார்கள். முதுகலைப் பட்டம் வாங்க லாகூரின் பஞ்சாப் பல்கலைக்கழகத்தில் பஞ்சாபித் துறை உண்டு. அரிச்சுவடி கற்கத்தான் வழியில்லை. பிப்ரவரி 21, உலகத் தாய்மொழி நாளில் லாகூரில் எழுத்தாளர்களும் மாணவர்களும் பதாகைகளோடு தெருவில் இறங்குகிறார்கள். தொடக்கப்பள்ளியில் பஞ்சாபி வேண்டும் என்பதே அவர்கள் கோரிக்கை.

(தொடரும்)