ஒரு வேரில் இரு கிளைகள்: லிவர்பூல் நகரின் உதைபந்தாட்டக் கழகங்கள்

இங்கிலாந்து தேசத்தின் வடமேற்குக் கரையிலே, மேர்சி ஆறு கடலொடு கலக்கும் இடத்தில் அமைந்த துறைமுகப் பட்டினம் லிவர்பூல். அந்நகருக்குப் புதிதாகச் செல்வோரை ஊரவர் வினவும் வினாக்களுள் ஒன்று, "நீங்கள் சிவப்போ, நீலமோ?" என்பதாம். சிவப்பு லிவர்பூல் உதைபந்தாட்டக் கழகத்தின் நிறம். நீலம் எவர்ட்டன் கழகத்தின் நிறம். நம் கல்லூரியின் பழைய மாணவர் ஒருவர் ஆங்கு மருத்துவராகப் பணி புரிகின்றார். அவரது அழைப்பை ஏற்று நான்கு நாள் அவரில்லத்தில் தங்கியிருந்த யாம், அவரோடு சேர்ந்து அவ்விரு கழகங்களின் அரங்குகளையும் அவற்றைச் சூழ்ந்த குடியிருப்புகளையும் கால்நடையாகச் சுற்றிப் பார்த்தோம்.

யாம் உதைபந்தாட்ட வல்லுநர் அல்லேம், தமிழாசிரியரேம். எனினும் இவ்விடயத்தில் எமக்குத் தனி நாட்டம் ஒன்றுண்டு. பல்லாண்டுகளுக்கு முன், யாம் கற்பித்த பாடசாலை அயற்பாடசாலையை உதைபந்தாட்டத்தில் வென்ற ஒரு மாலைப்பொழுதில், எம் மாணவர் சிலர் தோற்றவரை வீதியில் வழிமறித்து இகழ்ந்தனர். வாய்ச்சொல் கைகலப்பாயிற்று. விலக்கவேண்டிய கடப்பாடுடைய யாமோ வெற்றிக் களிப்பிற் கண்டும் காணாதார்போல் இருந்தோம். பிள்ளையொருவனின் பல் உடைந்த பின்னரே எமக்கு அறிவு வந்தது. போட்டி எங்கே முடிகின்றது, பகை எங்கே தொடங்குகின்றது என்னும் வினா அன்று தொட்டு எம்மை விட்டகலவில்லை. ஒரு நூற்றாண்டுக்கு மேலாக அருகருகே நின்று போட்டியிடும் இரு கழகங்களிடம் அதற்கு விடை கிடைக்குமா என்று தேடியதன் பயனே இக்கட்டுரை.

எமது நடை எவர்ட்டன் மேட்டிலே தொடங்கியது. கீழே நகரும் ஆறும் பரந்து தோன்றும் அம்மேட்டில், 1787 ஆம் ஆண்டிற் கட்டிய சிறியதொரு வட்டக் கற்கட்டடம் உளது. குடிவெறியரையும் சிறுகுற்றம் புரிந்தோரையும் விசாரணைக்கு முன் அடைத்து வைத்த காவற்கூடு அது. எவர்ட்டன் கழகத்தின் இலச்சினையில் இன்றும் பொறிக்கப்பட்டிருப்பது இக்காவற்கூடே.

இம்மேட்டுக்கு அணித்தாக இருந்த சென் டொமிங்கோ மெதடிஸ்த ஆலயத்து இளைஞர்கள் கோடையிற் கிறிக்கற் ஆடி வந்தனர். மாரியிலும் ஒன்றுகூடி விளையாட ஓர் ஆட்டம் வேண்டுமென்று 1878 இல் உதைபந்தாட்டக் குழுவொன்றை அமைத்தனர். ஆலயத்தைச் சேராதாரும் அதிற் சேர விரும்பியமையால், மறு ஆண்டில் ஊரின் பெயரால் எவர்ட்டன் எனப் பெயர் மாற்றினர். அவர்கள் முதலில் ஆடிய இடம், 1870 இல் மக்களுக்குத் திறந்துவிடப்பட்ட ஸ்ரான்லி பூங்கா. இப்பூங்காவை வாசகர் மனத்திற் கொள்ளல் வேண்டும். நாம் சொல்லப்போகும் கதை முழுவதும் இதனைச் சுற்றியே நிகழ்கின்றது.

1884 இல் அக்குழு பூங்காவின் தென்புறத்திலுள்ள அன்பீல்ட் மைதானத்திற் குடியேறிற்று. 1888 இல் பன்னிரு கழகங்கள் கூடி உதைபந்தாட்ட லீக்கினைத் தொடங்கியபோது எவர்ட்டனும் அவற்றுள் ஒன்றாய் இருந்தது. 1891 இல் முதன்முறையாக லீக் வெற்றிக்கிண்ணத்தையும் ஈட்டியது. ஆகவே அன்பீல்டில் முதன்முதற் கிண்ணம் வென்றோர், இன்று அவ்விடத்திற்கு உரியரான லிவர்பூல் கழகத்தினர் அல்லர். அவர்தம் போட்டியாளரான எவர்ட்டன் கழகத்தினரே. பலரும் அறியாத செய்தி இது.

பிரிவு எங்ஙனம் வந்தது? கழகத்தின் தலைவர் ஜோன் ஹோல்டிங் என்பார் பியர் காய்ச்சும் தொழில் நடத்திய செல்வர். கழகத்துக்கு மைதானம் பெற்றுக் கொடுத்தவர் அவரே. அதன் வாடகையைப் பெற்றவரும் அவரே. கழகம் வளர வாடகையும் வளர்ந்தது. ஐந்தாறு ஆண்டுகளில் 100 பவுணிலிருந்து 250 பவுணாயிற்று. நிருவாகிகளுட் பலர் மதுவிலக்கை ஆதரித்தவர். வாடகையோடு மதுவும் அரசியலும் கலந்து பிணக்கு முற்றியது. ஈற்றில், ஆலயத்தில் ஓகன் வாசித்து வந்த ஜோர்ஜ் மகோன் என்பாரைத் தலைவராகக் கொண்டு பெரும்பான்மையோர் பூங்காவைக் கடந்து வடபுறம் சென்று, குடிசன் பார்க் என்னும் அரங்கை அமைத்தனர். அது 1892 ஓகஸ்ட் 24 ஆந் திகதி திறந்துவைக்கப்பட்டது. வெறும் மைதானத்தோடு எஞ்சிய ஹோல்டிங், எவர்ட்டன் என்னும் பெயரும் தமக்குக் கிடையாதென்று ஆனபின், அவ்வாண்டிலேயே லிவர்பூல் என்னும் பெயரிற் புதுக் கழகமொன்றைத் தோற்றுவித்தார்.

நிறத்தின் கதை இதனினும் வியப்புடையது. புதிய லிவர்பூல் கழகத்தார் முதலில் அணிந்தது நீலமும் வெள்ளையுமாகும். செந்நிறம் பூண்டது 1896 இலேதான். எவர்ட்டன் நீலத்தை நிலையாக ஏற்றதோ இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். இன்று எந்த நிறத்தின் பொருட்டு ஒருவர் மற்றவரைச் சீண்டுகின்றனரோ, அந்நிறமே ஒரு காலத்தில் இடம்மாறி இருந்தது!

இரு கழகமும் லீக்கில் முதன்முதல் 1894 ஒக்டோபரிற் குடிசன் பார்க்கிற் பொருதின. 44,000 மக்கள் கூடினர். எவர்ட்டன் 3-0 என்று வென்றது.

அன்பீல்டைச் சூழ்ந்துள்ளவை செங்கல்லாற் கட்டிய வரிசை வீடுகள். ஒன்றன் சுவரை ஒன்று தாங்கி நிற்கும் அச்சிறு வீடுகளின் கூரைகட்குமேல் அரங்கு மலைபோல எழுகின்றது. அதன் ஒரு பக்கத்தின் பெயர் "கொப்". 1900 இல் தென்னாபிரிக்கப் போரில் இங்கிலாந்தின் இப்பகுதி வீரர் பலர் மாண்ட ஸ்பியன் கொப் என்னும் குன்றின் நினைவாக 1906 இல் இட்ட பெயர் அது. முன்னர் இருபத்தையாயிரத்துக்கு மேற்பட்டோர் அதன் படிகளில் நெருங்கி நின்று பாடுவர். 1994 இல் நிற்கும் படிகள் அகற்றப்பட்டு இருக்கைகள் அமைந்தன. இவ்வரங்கின் செல்வம் அயலவர் அனைவர்க்கும் நலம் தரவில்லை. அரங்கைப் பெருப்பிக்கும் பொருட்டு வீடுகள் பல வாங்கப்பட்டு, நெடுங்காலம் பூட்டிக் கிடந்து, தெருக்கள் பாழடைந்தன என்று ஊரவர் மனம் வெதும்பிக் கூறுவர். ஆயினும் அரங்கின் எதிரே, மூடப்பட்ட பழைய வெதுப்பகம் ஒன்றை ஊர்மக்களே கூட்டுறவு முறையில் மீட்டு நடத்துகின்றனர். ஆங்கு யாம் மரக்கறி வைத்த பணியாரம் ஒன்றை வாங்கியுண்டு இளைப்பாறினோம்.

பின்னர்ப் பூங்காவினூடே நடந்தோம். ஓர் அரங்கிலிருந்து மற்றதற்கு ஒரு மைலுக்கும் குறைந்த தூரமே. குடிசன் பார்க்கைச் சுற்றியும் அதே செங்கல் வீடுகள். அரங்கின் ஒரு மூலையில் அதனை ஒட்டினாற்போல ஒரு தேவாலயம். 1927-28 ஆம் பருவத்தில் லீக் ஆட்டங்களில் மாத்திரம் 60 கோல் அடித்த டிக்சி டீன் என்பாரின் சிலை இக்கழகத்தின் பெருமை. அப்பெருவீரர் 1980 மார்ச் முதலாந் திகதி, இதே அரங்கில் எவர்ட்டன் லிவர்பூலோடு ஆடுவதைப் பார்த்திருந்தபோது மாரடைப்பால் உயிர் நீத்தார்.

இவ்விரு குடியிருப்புகளுக்கும் இடையே வேற்றுமை ஏதும் தெரிகின்றதா என்று எம் நண்பரை வினவினோம். அவர் நகைத்தார். சில நகரங்களில் மதத்தாலோ செல்வத்தாலோ கழகங்கள் பிரிந்து நிற்கும். இங்கோ அத்தகைய வரம்பு இல்லை. ஒரே தெருவில், ஒரே வீட்டில், தந்தை நீலமும் மகன் சிவப்புமாய் இருப்பர். 1984 இல் லீக் கிண்ண இறுதியாட்டத்தில் இரு கழகமும் வெம்பிளி அரங்கிற் சந்தித்தபோது, இருதிறத்து மக்களும் கலந்திருந்து தம் ஊரின் பெயரை ஒரே குரலில் முழங்கினர். எதிரி தன் வீட்டிலேயே உண்டு உறங்குபவனாயின், அவனை எங்ஙனம் முற்றிலும் வெறுப்பது?

எனினும் உண்மையை மறைத்தல் தகாது. உறவுக்குச் சோதனை விரைவில் வந்தது. 1985 இல் பெல்ஜியத்தின் ஹேசல் அரங்கிலே, லிவர்பூல் ஆதரவாளர் சிலரின் தாக்குதலால் ஏற்பட்ட நெரிசலிற் சுவர் சரிந்து 39 பேர் இறந்தனர். அவருட் பெரும்பாலோர் இத்தாலியர். அதன் பயனாக இங்கிலாந்துக் கழகங்கள் ஐரோப்பியப் போட்டிகளிலிருந்து ஐந்தாண்டு விலக்கப்பட்டன. அவ்வாண்டின் லீக் வெற்றியாளரான எவர்ட்டன், தான் செய்யாத குற்றத்துக்காக ஐரோப்பியக் கிண்ணத்தில் ஆடும் வாய்ப்பை இழந்தது. அம்மனக்கசப்பு நெடுநாள் ஆறவில்லை.

நான்காண்டின் பின் பெருந்துயர் நேர்ந்தது. 1989 ஏப்பிரில் 15 ஆந் திகதி ஷெபீல்ட் நகரின் ஹில்ஸ்பரோ அரங்கில், கிண்ண அரையிறுதியாட்டத்தின்போது நெரிசலில் அகப்பட்ட லிவர்பூல் ஆதரவாளர் பலர் இறந்தனர். காயத்தாற் பின்னர் மாண்டோரையும் சேர்த்து அவர்தொகை 97. மறுவாரம், நீலச் சால்வைகளையும் சிவப்புச் சால்வைகளையும் ஒன்றோடொன்று முடிந்து, ஸ்ரான்லி பூங்காவின் ஊடாக ஓர் அரங்கிலிருந்து மற்றதுவரை மக்கள் தொடுத்தனர். ஹேசலின் கசப்பு ஆறாத எவர்ட்டன் மக்களே, அன்பீல்ட் சென்று மலர் வைத்து அழுதனர். மாண்டோர் மீதே பழி சுமத்தப்பட்டபோது, உண்மை வேண்டிப் போராடிய குடும்பங்களோடு நீலத்தாரும் நின்றனர். 2012 இல் சுயாதீன ஆய்வுக்குழுவின் அறிக்கை உண்மையை வெளியிட்டது. அதனையடுத்துக் குடிசன் பார்க்கில் நிகழ்ந்த ஆட்டத்தின் முன், நீலச்சட்டை அணிந்த பிள்ளை ஒன்றும் சிவப்புச்சட்டை அணிந்த பிள்ளை ஒன்றும் கைகோத்து நின்றன. அச்சட்டைகளில் இருந்த எண்கள் 9, 6. அன்றைய நாளில் மாண்டோர் தொகை 96 ஆக இருந்தது. இறந்தோர் சட்டவிரோதமாகக் கொல்லப்பட்டனர் என 2016 இல் நடுவர்குழு தீர்ப்பளித்தது.

இதனால் ஆடுகளத்திற் சாந்தி நிலவுகின்றது என்று எவரும் கருதற்க. பிரிமியர் லீக் வரலாற்றில் மிகுந்த சிவப்பு அட்டைகளைக் கண்ட போட்டி இவ்விரு கழகங்களின் போட்டியே. குடிசன் பார்க்கில் 2025 பெப்ரவரி 12 இல் நடந்த கடைசிச் சந்திப்பில், ஆட்டம் முடியும் தறுவாயில் எவர்ட்டன் கோலடித்து 2-2 எனச் சமன் செய்தது. ஊதுகுழல் ஒலித்த பின்னரும் பூசல் ஓயாமையால், மத்தியஸ்தர் இருதிறத்திலும் நால்வருக்குச் சிவப்பு அட்டை காட்டினார். அவருள் லிவர்பூலின் பயிற்றுநரும் ஒருவர். ஆனால் அதே நகரில் 2015 தொடக்கம் இரு கழகத்து ஆதரவாளரும் இணைந்து, வறியோர்க்கென ஆட்டநாட்களில் அரங்கின் வாயிலில் உணவுப்பொருள் திரட்டி வருகின்றனர். பசிக்கு நிறம் இல்லை என்பது அவர் துணிபு.

எம் நடை துறைமுகத்தில் முடிந்தது. 1848 இல் திறந்த பிராம்லி-மூர் என்னும் பழைய கப்பற்றுறையிலே, ஐம்பத்தீராயிரத்துக்கு மேற்பட்டோர் அமரக்கூடிய புதிய அரங்கை எவர்ட்டன் அமைத்துள்ளது. அதிற் கழகத்தின் முதலாவது லீக் ஆட்டம் நிகழ்ந்தது 2025 ஓகஸ்ட் 24 இல். குடிசன் பார்க் திறந்த நாளிலிருந்து 133 ஆண்டு நிறைந்த அதே நாள். பழைய அரங்கு இடிக்கப்படாமற் கழகத்தின் மகளிர் அணிக்கு உரியதாயிற்று. ஆகவே பூங்காவின் இருபுறத்தும் ஆட்டம் தொடர்கின்றது; ஆனால் ஆடவர் அணிகள் இனி ஒன்றற்கொன்று அயலன்று. அண்மை குறையும்போது உறவும் குறையுமோ என்று எம் நண்பர் கவன்றார்.

எமக்குப் புலனாயது இதுவே. லிவர்பூல் மக்கள் போட்டியைக் குறைத்துக்கொண்டமையால் உறவைக் காத்தாரல்லர்; தோல்வியில் அவர் படும் வேதனை பெரிது, வெற்றியிற் செய்யும் ஏளனமும் பெரிது. ஆட்டத்துக்கு அப்பால் இருதிறத்தாரும் சேர்ந்து செய்யும் காரியங்கள் பல உண்டு. அவையே பகைக்கு அணையாயின. அவ்வணையும் தானாக நிற்பதன்று; ஹேசலின்பின் அது சரியவும் கண்டனர், ஹில்ஸ்பரோவின்பின் தம் கையால் மீளக் கட்டவும் செய்தனர்.

பல்லுடைந்த அப்பிள்ளை இன்று எங்குளான் என்பது எமக்குத் தெரியாது. அன்று யாம் அவனைக் கைப்பிடித்துத் தூக்கியிருக்கலாம், செய்திலேம். இவ்விழாமலரைப் படிக்கும் மாணவர்காள்! அடுத்த போட்டியில் முழுமூச்சோடு ஆடுங்கள், முழுக்குரலிற் கூவுங்கள். மத்தியஸ்தர் ஊதியபின், எதிர்க்கட்சியாரை உங்கள் பந்தியில் உண்ண அழையுங்கள். ஆசிரியராகிய யாமும் அப்பந்தியில் இலையிட முன்னிற்போம்.