ஆறிய புண்ணுக்கும் ஒரு குறியீடு

கடுங்குளிரில் விரலோ காதோ உறைந்துபோவதைப் பனிக்கடி என்கிறார்கள். திசுவில் உள்ள நீர் பனிக்கட்டியாகிச் செல்களைச் சிதைக்கிறது. பிறகு நுண்ணிய ரத்தக்குழாய்களில் ரத்தம் கட்டி அடைத்துக்கொள்கிறது. கருத்துப்போன விரலை வெட்டினாலும் சரி, விரல் தப்பிவிட்டாலும் சரி, பாதிப்பு அத்தோடு தீர்வதில்லை. மரத்துப்போதல், லேசான குளிருக்கே வலி, மிதமிஞ்சிய வியர்வை, கோணலாக வளரும் நகம் எனப் பல தொல்லைகள் ஆண்டுக்கணக்கில் நீடிக்கும். மூட்டுவாதம் வெகுகாலம் கழித்துக்கூடத் தலைகாட்டும். குழந்தைகளுக்கு எலும்பின் வளர்முனை கெட்டு விரல் குட்டையாகிவிடும். காலம் தாழ்த்தி வரும் இந்தக் கோளாறுகளை அவற்றின் காரணத்தோடு சேர்த்தே பதிய வேண்டும். இல்லாவிட்டால் நோயாளிக்குச் சேர வேண்டியது சேராது.

இப்படிப் பதிவதற்கு, நோய்களைக் குறியீடுகளாக மாற்றும் மெடிக்கல் கோடிங் வேலை இருக்கிறது; அமெரிக்க மருத்துவமனைகளுக்காக அதைச் செய்யும் இளைஞர்கள் சென்னையில் ஏராளம். அவர்கள் கையாளும் ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டுத் தொகுப்பு அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதில் மேலோட்டமான பனிக்கடிக்கு டி33, திசு செத்துப்போன பனிக்கடிக்கு டி34. எந்த உறுப்பு, வலமா இடமா என்பதற்கு மேலும் இலக்கங்கள் உண்டு. ஏழாவது இடத்தில் வரும் எழுத்துதான் காலத்தைச் சொல்கிறது: காயத்துக்கே நேரடியாகச் சிகிச்சை நடக்கும்போது 'ஏ', ஆறிவரும் கட்டத்துக்கு வேறோர் எழுத்து, பின்விளைவுக்கு 'எஸ்'. பின்விளைவுக்குப் பொதுவாக இரண்டு குறியீடுகள் வேண்டும். இப்போது இருக்கும் மூட்டுவாதமோ நரம்பு வலியோ முதலில். அதற்குக் காரணமான பழைய பனிக்கடி 'எஸ்' சேர்த்து அடுத்து. இதற்குக் கால வரம்பே கிடையாது. முப்பது ஆண்டு கழித்து வந்தாலும் பின்விளைவு பின்விளைவுதான்.

மூட்டுவாதத்துக்கு எப்படியும் அதே மருந்துதானே, பழைய காரணத்தை எதற்குக் கிளற வேண்டும் என்று கேட்கலாம். கொரியப் போர் இதற்குப் பதில் சொல்கிறது. 1950 நவம்பர், டிசம்பரில் சோசின் நீர்த்தேக்கப் பகுதியில் மைனஸ் 30 டிகிரிக்கும் கீழான குளிரில் போரிட்ட அமெரிக்க வீரர்களில் ஆயிரக்கணக்கானோர் பனிக்கடிக்கு ஆளானார்கள். சண்டைக்கு நடுவே மருத்துவரைப் பார்க்க வழியில்லாததால் பலருடைய காயம் பதிவாகவே இல்லை. முதுமையில் காலும் கையும் வலிக்கத் தொடங்கியபோது, அது அந்தக் குளிரின் விளைவு என்று நிரூபிக்கும் சுமை அவர்கள் தலையில் விழுந்தது. முன்னாள் படைவீரர் துறை 1998-இல்தான் குளிர்க்காயப் பின்விளைவுகளுக்கான இயலாமை அளவுகோலைத் திருத்தியது. வலி, மரத்துப்போதல் அல்லது குளிர் தாங்காமை மட்டும் இருந்தால் 10 சதவீதம். நக மாற்றம், திசு இழப்பு, எக்ஸ்ரேயில் தெரியும் எலும்புச் சிதைவு போன்றவற்றில் ஒன்று சேர்ந்தால் 20, இரண்டோ அதற்கு மேலோ சேர்ந்தால் 30. ஒவ்வொரு உறுப்புக்கும் தனி மதிப்பீடு. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு தாமதம் இது. மருந்து ஒன்றாக இருக்கலாம், உரிமை ஒன்றல்ல.

இன்னொரு மறுப்பு கனமானது. வயதானால் யாருக்கும் மூட்டு வலிக்கும். எல்லாவற்றையும் பழைய பனிக்கடியின் மேல் போட்டால் பதிவேடு பொய்யாகிவிடாதா? ஆகும். அதனால்தான் கோடர் தானாக ஊகித்து 'எஸ்' போட விதி இடம் தருவதில்லை. இதற்கு அதுவே காரணம் என்று மருத்துவர் எழுதியிருக்க வேண்டும். இந்தக் கட்டுப்பாடு நியாயமானது. ஆனால் பெரும்பாலும் பிசகுவதும் இங்கேதான் என்று நினைக்கிறேன்: அவசரத்தில் 'கால்வலி' என்று மட்டும் எழுதிவிட்டால் காரணம் அந்தப் பக்கத்திலேயே புதைந்துபோகும். உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10 வேறு வழியில் போகிறது. காயம்பட்டு ஓராண்டுக்குப் பிறகும் இருக்கும் கோளாறையும் அது பின்விளைவாகக் கொள்கிறது. ஆனால் டி95 என்ற ஒரே தலைப்பில் தீக்காயத்தையும் பனிக்கடியையும் சேர்த்துவிடுகிறது. குளிரில் இழந்த காலும் நெருப்பில் இழந்த காலும் அங்கே பிரித்தறிய முடியாதபடி கலந்துவிடும். இந்த விஷயத்தில் அமெரிக்க முறையே மேல்.

ஆகவே மருத்துவர்கள், 'பழைய பனிக்கடியால்' என்ற இரண்டு சொற்களைச் சேர்த்து எழுத வேண்டும். கோடர்களும், நோயாளியின் பழைய வரலாற்றில் பனிக்கடி கண்ணில் பட்டால், கோப்பை மூடுவதற்கு முன் மருத்துவருக்கு ஒரு க்வெரி அனுப்பிக் கேட்டுவிட வேண்டும்.