நாற்காலியும் நம் உடலும்

பேருந்தில் செல்லும்போது ஓட்டுநரையும் நடத்துநரையும் கவனித்திருப்பீர்கள். இருவரும் ஒரே வண்டியில், ஒரே புகையிலும் தூசியிலும் பணியாற்றுகிறார்கள். ஆனால், ஒருவர் இருக்கையை விட்டு எழ முடியாது. மற்றவர் உட்கார நேரமின்றி முன்னும் பின்னும் நடக்கிறார். இந்த ஒரு வேறுபாடு இதயத்தைப் பாதிக்குமா?

இக்கேள்விக்கு விடை தேடியவர் ஜெர்ரி மாரிஸ் என்ற பிரிட்டிஷ் மருத்துவர். இலண்டன் நகரத்து மாடிப் பேருந்துகளில் பணிபுரிந்த ஆயிரக்கணக்கான தொழிலாளரின் மருத்துவக் குறிப்புகளை அவர் ஆராய்ந்தார். ஓட்டுநர்கள் பணி நேரத்தில் ஏறத்தாழ 90 விழுக்காட்டை உட்கார்ந்தே கழித்தனர். நடத்துநர்களோ பயணச்சீட்டுக் கொடுப்பதற்காக நாளொன்றுக்கு 500 முதல் 750 படிகள் வரை ஏறினர். 1953இல் ‘லான்செட்’ இதழில் முடிவுகள் வெளியாயின. ஓட்டுநர்களைவிட நடத்துநர்களுக்கு மாரடைப்பு குறைவாகவே வந்தது; வந்தாலும் பிந்திய வயதில் வந்தது; அதனால் இறந்தவர்களும் குறைவு.

நல்ல அறிவியலார் முதல் விடையோடு நின்றுவிடுவதில்லை. ‘பருமனானவர்களே ஓட்டுநர் வேலைக்கு வந்திருந்தால்?’ என்ற ஐயம் மாரிசுக்கும் எழுந்தது. அவருடைய குழுவினர் பேருந்துத் தொழிலாளரின் சீருடை அளவுகளைப் புரட்டிப் பார்த்தனர். இளம் வயதினரிடையேயும் ஓட்டுநர்களின் இடுப்புச் சுற்றளவே மிகுதி என்று 1956இல் தெரிவித்தனர். ஆகவே, குற்றம் முழுவதையும் இருக்கையின்மேல் சுமத்த முடியவில்லை. ஆனால், நடந்து கடிதம் வழங்கும் அஞ்சற்காரர்களுக்கும் உட்கார்ந்து எழுதும் எழுத்தர்களுக்கும் இடையே அதே வேறுபாடு காணப்பட்டது. பின்னர் பல நாடுகளில் நடந்த ஆய்வுகளும் உடலசைவின்மை இதயத்துக்குத் தீங்கு என்பதை உறுதி செய்தன.

உட்கார்ந்தால் என்ன நிகழ்கிறது?

ஒரு சிறு சோதனை செய்து பாருங்கள். எழுந்து நின்று, சற்றே குனிந்து, கெண்டைக்காலைக் கையால் பிடித்துக்கொண்டு குதிகாலை மட்டும் உயர்த்துங்கள். தசை கல்போல் இறுகுவதை உணர்வீர்கள். கால்களிலிருந்து இதயத்துக்குத் திரும்பும் இரத்தம் புவியீர்ப்பை எதிர்த்து மேலேற வேண்டும். தசை இறுகும்போது அதனிடையே உள்ள சிரைகள் நசுங்கி, இரத்தம் மேலே தள்ளப்படுகிறது. சிரைகளில் உள்ள தடுக்கிதழ்கள் அது கீழே வழியாதபடி காக்கின்றன. கேணியிலிருந்து நீர் இறைக்கும் பம்பு போன்ற அமைப்பு இது. அசையாமல் உட்கார்ந்திருந்தால் பம்பு நின்றுவிடுகிறது. இரத்தம் தேங்குகிறது, மாலையில் பாதம் வீங்குகிறது, அரிதாகச் சிலருக்கு இரத்தம் உறைந்து கட்டியாகிறது. 1940இல் விமானக் குண்டுவீச்சுக்கு அஞ்சி, இலண்டன் மக்கள் பதுங்கிடங்களில் சாய்வு நாற்காலிகளில் இரவைக் கழித்தனர். அவர்களில் சிலர் நுரையீரலில் இரத்தக்கட்டி அடைத்து இறந்ததைக் கீத் சிம்ப்சன் என்ற மருத்துவர் அப்போதே பதிவு செய்தார்.

இரண்டாவது பாதிப்பு சர்க்கரையைப் பற்றியது. உணவிலிருந்து இரத்தத்தில் சேரும் குளுக்கோசைப் பெருமளவில் உறிஞ்சிக்கொள்பவை தசைகளே. தசை வேலை செய்யும்போது இன்சுலின் துணை மிகுதியாக இல்லாமலே குளுக்கோசை உள்ளிழுக்கிறது. ஓய்ந்திருந்தால் அந்த வழி அடைபடுகிறது. இரத்தத்திலுள்ள கொழுப்பைச் சிதைக்க உதவும் நொதியின் செயலும் தசைகளில் மந்தமாகிறது.

மூன்றாவது முதுகு. முள்ளெலும்புகளுக்கு இடையே உள்ள தகடுகளுக்கு நேரடி இரத்த ஓட்டம் மிகக் குறைவு. அழுத்தமும் தளர்வும் மாறி மாறி ஏற்படும்போதுதான் அவற்றுக்கு ஊட்டம் நன்கு ஊறி வருகிறது. ஒரே நிலையில் கூனி உட்கார்ந்திருப்பவருக்கு முதுகு வலிப்பதில் வியப்பில்லை.

என்ன செய்யலாம்?

இத்தாலிய மருத்துவர் ராமஸ்ஸீனி 1700இலேயே தையற்காரர், செருப்புத் தைப்போர் ஆகியோரின் நோய்களைப் பற்றி எழுதினார். விடுமுறை நாளிலாவது உடற்பயிற்சி செய்யுங்கள் என்பது அவருடைய அறிவுரை. இன்று நாம் அதற்கும் மேலே சொல்ல முடியும். 2012இல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள், உடல் எடை மிகுந்தவர்களுக்குக் குளுக்கோஸ் பானம் கொடுத்து, 20 நிமிடங்களுக்கு ஒருமுறை 2 நிமிடம் மெதுவாக நடக்கச் செய்தனர். தொடர்ந்து உட்கார்ந்திருந்த நாளைவிட அன்று இரத்தச் சர்க்கரையின் ஏற்றம் ஏறத்தாழக் கால் பங்கு குறைந்தது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோரின் விவரங்களைத் தொகுத்த 2016ஆம் ஆண்டு ஆய்வு மற்றொன்றையும் காட்டியது. நாளொன்றுக்கு 60 முதல் 75 நிமிடம் விரைவாக நடப்பது போன்ற பயிற்சி செய்தவர்களிடம், எட்டு மணி நேரம் உட்கார்வதால் வரும் கூடுதல் இறப்பு அபாயம் காணப்படவில்லை.

எனவே, அரைமணிக்கு ஒருமுறையாவது எழுந்து சில அடிகள் நடங்கள். தண்ணீர்ச் செம்பைக் கைக்கெட்டும் இடத்தில் வைக்காமல் சற்றுத் தொலைவில் வையுங்கள். தொலைபேசியில் பேசும்போது நில்லுங்கள். எழ இயலாத பேருந்துப் பயணத்தில் குதிகால்களை உயர்த்தித் தாழ்த்துங்கள். மதிய உணவுக்குப்பின் பத்து நிமிடம் உலாவுங்கள்.

அப்படியானால் நாள் முழுவதும் நிற்பது நல்லதா? அன்று. அசையாமல் நிற்பதும் இரத்தத்தைத் தேக்குகிறது. ‘நரம்புச் சுருட்டு’ என்று மக்கள் சொல்வது நரம்பு அன்று. புடைத்துச் சுருண்ட சிரையே. துணிக்கடைகளிலும் நகைக்கடைகளிலும் நின்றபடியே பணிபுரிந்தோருக்கு இருக்கை தரவேண்டும் என்று தமிழ்நாட்டில் 2021இல் சட்டம் திருத்தப்பட்டது. நிற்பவருக்கு உட்கார உரிமை வேண்டும். உட்கார்பவருக்கு எழுந்து நடக்க நேரம் வேண்டும். துண்டுக்கு இவ்வளவு எனக் கூலி பெறும் தையல் தொழிலாளியும் பீடி சுற்றுபவரும் எழுந்தால் கூலி குறைகிறது. அவர்களுக்கு அறிவுரை மட்டும் போதாது. இடைவேளை தருவது வேலை கொடுப்போரின் கடமை.

இலண்டன் பேருந்தின் படிக்கட்டு நடத்துநரின் இதயத்தைக் காப்பதற்காகக் கட்டப்பட்டதன்று. ஆனாலும் அது காத்தது. உங்கள் அலுவலகத்திலும் பள்ளியிலும் படிக்கட்டு இருக்கிறது அல்லவா?