நோயாளியின் வீடு எங்கே?

மூச்சுத்திணறலோடு வரும் பிள்ளைக்கு மருந்து கொடுத்து அனுப்புகிறோம். அந்த வீட்டருகே என்ன இருக்கிறது என்று நாங்கள் கேட்பது அபூர்வம். அமெரிக்காவில் இதைக் கேட்டவர் மருத்துவரல்ல. ராபர்ட் புல்லார்ட் என்ற சமூகவியல் பேராசிரியர்.

1979-ல் ஹூஸ்டன் நகரில், கறுப்பின மக்கள் வாழும் பகுதியில் குப்பைக் கிடங்கு அமைய இருந்தது. அம்மக்களுக்காக வழக்குத் தொடுத்த வழக்கறிஞர் புல்லார்டின் மனைவி. ஆதாரம் தேடித் தரும்படி கணவரைக் கேட்டார். அவர் மாணவர்களோடு பதிவேடுகளைப் புரட்டினார், நேரிலும் போய்ப் பார்த்தார். மாநகராட்சியின் 5 குப்பைக் கிடங்குகளும், 8 எரியுலைகளில் 6-ம் கறுப்பினத்தார் பகுதிகளிலேயே இருந்தன. நகர மக்களில் அவர்களோ ஏறக்குறைய நாலில் ஒரு பங்குதான்! வழக்கு 1985-ல் தோற்றது. ஆனால் அந்தக் கணக்கு பிறகு அவருடைய நூலில் இடம்பெற்றது.

திருச்சபைக்கும் இதில் பங்குண்டு. 1982-ல் வட கரோலினாவின் வாரன் மாவட்டத்தில், பிசிபி என்ற நச்சு கலந்த மண்ணை ஏற்றிவந்த லாரிகளின் முன் மக்கள் சாலையில் படுத்தார்கள். அது புற்றுநோய் உண்டாக்கும் நச்சு. அவ்வூரார் பெரும்பாலும் குடித்தது கிணற்றுத் தண்ணீர். 500-க்கு மேற்பட்டோர் கைதானார்கள், போதகர்கள் உட்பட. 1987-ல் ஐக்கிய கிறிஸ்து சபை நாடு முழுவதையும் ஆராய்ந்தது. (சபைக்கு எதற்கு ஆராய்ச்சி என்று சிலர் நினைக்கலாம். நாங்களும் ஒருகாலத்தில் அப்படி நினைத்தவர்களே.) நச்சுக்கழிவு எங்கே சேர்கிறது என்பதை வருமானத்தைவிட இனமே அதிகமாய்க் காட்டுகிறது என்று அறிக்கை கூறியது.

வாரன் மாவட்டத்து மண் சுத்திகரிக்கப்பட்டு முடிந்தது 2003-ல்தான்.